அல் மஸ்ரி எகிப்துக்காரரா? அரபுப் பெயரில் ஊரைக் கண்டுபிடிக்கும் வழி

ஷார்ஜாவில் ஒரு டைப்பிங் சென்டரில் வேலைக்குச் சேர்ந்த முதல் மாதம். கவுண்டருக்கு வந்தவரின் பெயரில் கடைசிச் சொல் 'அல் மஸ்ரி'. மிஸ்ர், பேச்சில் மஸ்ர், என்றால் எகிப்து என்கிற அளவுக்கு எனக்கு அப்போதே அரபி தெரியும். அந்தத் தைரியத்தில் பாஸ்போர்ட்டின் அட்டையைக்கூடத் திருப்பிப் பார்க்காமல் நாடு என்ற கட்டத்தில் எகிப்து என்று தட்டிவிட்டு, 'எகிப்தில் எந்தப் பக்கம் சார்?' என்று வேறு கேட்டேன். மனிதர் ஜோர்டான் பாஸ்போர்ட் வைத்திருந்த பாலஸ்தீனக்காரர், சொந்த ஊர் நாபுலுஸ், எகிப்துப் பக்கம் அதுவரை போனதே இல்லையாம். படிவத்தை மறுபடி அடித்தேன். அதற்கான காசு என் சம்பளத்தில் கழிந்தது.

அதற்கப்புறம் ஒவ்வொரு பெயராகக் கேட்டுக் கேட்டுச் சேர்த்ததுதான் இது. வளைகுடாவுக்குப் புதிதாக வந்தவர், அரபுச் செய்திகளைப் பின்தொடர்கிறவர், பழைய அறிஞர்களின் நீளநீளமான பெயர்களைப் பார்த்து மிரள்கிறவர், யாராக இருந்தாலும் இந்த வரிசையில் போனால் பெயருக்குள் இருக்கும் ஊர் பெரும்பாலும் பிடிபடும்.

முதலில் நிஸ்பா என்றால் என்ன

ஊர்ப்பெயரின் கடைசியில் 'ஈ' சேர்த்தால் அரபியில் அந்த ஊரைச் சேர்ந்தவர், அல்லது சேர்ந்தது, என்று பொருள். பக்தாத், பக்தாதி. ஹலப் என்பது அலெப்போ, அந்த ஊர்க்காரர் ஹலபி. இந்த வடிவத்துக்கு நிஸ்பா என்று பெயர். இதைப் பார்க்க பாஸ்போர்ட் வரைக்கும் போக வேண்டாம், சிரியாக்காரர் நடத்தும் ஹோட்டலின் மெனு கார்டே போதும். குனாஃபா நாபுல்ஸிய்யா என்று ஓர் இனிப்பு இருக்கும், நாபுலுஸ் ஊர் குனாஃபா. நாலு வரி மேலே கபாப் ஹலபி, அலெப்போ கபாப். குனாஃபா அரபியில் பெண்பால் என்பதால் 'இய்யா', கபாப் ஆண்பால் என்பதால் வெறும் 'ஈ'. பழைய நூல்களில் பெண்களுக்கும் இப்படியே வரும், பஸ்ராவில் வாழ்ந்த ராபியா 'அல்-பஸ்ரிய்யா'. இன்றைய அடையாள அட்டைகளில் மட்டும் பெண்ணுக்கும் குடும்பப் பெயர் பெரும்பாலும் ஆண்பால் வடிவத்திலேயே இருக்கும்.

தமிழில் 'காரர்' பார்க்கிற வேலையைத்தான் இந்த ஈ பார்க்கிறது. காரரை நாம் எங்கே பயன்படுத்துகிறோம் என்று யோசித்துப் பாருங்கள். மதுரைத் தெருவில் ஒருவரை யாரும் மதுரைக்காரர் என்று கூப்பிட மாட்டார்கள், தெரு முழுக்க அவர்கள்தானே. அதே ஆள் தூத்துக்குடியில் போய்க் கடை போட்டால் மறுவாரமே அது மதுரைக்காரர் கடை. அரபு ஊர்ப்பெயர்கள் பெரும்பாலும் இப்படி ஒட்டிக்கொண்டவைதான். பெயர் கிளம்பிய ஊருடையது, அதை வைத்தது போய்ச் சேர்ந்த ஊர். நான் சொதப்பியது இந்த இடத்தில்தான். மஸ்ரி என்ற குடும்பப் பெயரை எகிப்துக்கு வெளியில்தான் முதலில் தேட வேண்டும்.

1. பெயரை அரபி எழுத்தில் வாங்குங்கள்

ஆங்கில எழுத்தில் இருப்பதை நம்பி இறங்காதீர்கள். ஒரே குடும்பப் பெயர் துனிசியாவிலும் மொராக்கோவிலும் பிரெஞ்சு முறையில் ஒரு மாதிரி, எகிப்தில் 'எல்' போட்டு ஒரு மாதிரி, வளைகுடாவில் 'அல்' போட்டு இன்னொரு மாதிரி இருக்கும். தமிழில் எழுதினால் இன்னும் மோசம், நம் எழுத்தில் அரபியின் இரண்டு 'த'வும் ஒன்று, இரண்டு 'க'வும் ஒன்று. காதிரி, காஹிரி இரண்டையும் வேகமாகப் படித்துப் பாருங்கள். முதலாவது அப்துல் காதிர் ஜீலானியின் சூஃபி வழியைச் சேர்ந்தவர், இரண்டாவது கெய்ரோக்காரர். அட்டையின் அரபிப் பகுதியைப் பார்த்து எழுத்தெழுத்தாகக் குறித்துக்கொண்டால் பாதி வேலை முடிந்தது.

கடைசிச் சொல் குடும்பப் பெயர்தானா என்பதையும் இப்போதே கேட்டுவிடுங்கள். எகிப்தில் பலருடைய ஆவணத்தில் குடும்பப் பெயரே கிடையாது, தன் பெயர், அப்பா பெயர், தாத்தா பெயர் என்று நம்ம ஊர் இனிஷியலை விரித்து எழுதினாற்போல் போகும். தாத்தாவின் பெயர் மக்கி என்றால் பேரனின் அட்டையில் கடைசிச் சொல் மக்கி. அவர்கள் வீட்டில் மக்காவிலிருந்து வந்தவர் யாரும் இருந்திருக்க வேண்டியதில்லை. நம்ம ஊரிலும் புஹாரி இப்படித்தானே ஆள் பெயராகிவிட்டது. உஸ்பெகிஸ்தானில் இருக்கும் புகாரா நகரத்தின் நிஸ்பா அது. 810ல் அங்கே பிறந்த ஹதீஸ் (நபிமொழி) அறிஞர் மேல் உள்ள மரியாதையில் பிள்ளைகளுக்கு வைத்து வைத்து, இன்றைக்கு அண்ணா சாலையில் பிரியாணிக் கடைப் பலகை வரைக்கும் வந்துவிட்டது. நைஜீரியாவின் முன்னாள் ஜனாதிபதியின் பெயரிலும் அதே புகாராதான்.

2. 'அல்'லா, 'ஆல்'லா?

ஆங்கில எழுத்தில் இரண்டும் ஒன்றுபோலவே தெரியும். அரபியில் குறில் 'அல்' அடுத்த சொல்லோடு ஒட்டியே எழுதப்படும், 'அந்த' என்கிற மாதிரி ஒரு முன்னொட்டு, அவ்வளவுதான். நெடில் 'ஆல்' தனியாக நிற்கும், முதல் எழுத்தான அலிஃபின் தலையில் ஒரு சின்ன வளைகோடு இருக்கும், பொருள் இன்னாரின் வம்சம். ஆல் சஊத், ஆல் நஹ்யான், ஆல் மக்தூம் எல்லாம் இந்த வகை. ஆல் கண்டால் ஊர் தேடாதீர்கள், மூதாதையின் பெயரைத் தேடுங்கள்.

இன்னொரு சின்ன விஷயம். 'அல்'லுக்குப் பின் ஷ, ஸ, த, ந, ர போன்ற எழுத்துகள் வந்தால் 'ல்' ஒலி கரைந்துவிடும். அல்-ஷாமி என்று எழுதி அஷ்-ஷாமி என்று படிப்பார்கள். இரண்டும் ஒரே பெயர்தான்.

3. ஈயைக் கழற்றுங்கள்

இது ஜாலியான வேலை, கொஞ்சம் தலைவலியும்தான். 'அல்'லையும் கடைசி 'ஈ'யையும் எடுத்துவிட்டால் மிச்சம் ஊராக இருக்க வேண்டும். திக்ரீதி, திக்ரீத். ஷீராஸி, ஷீராஸ். ஊர்ப்பெயர் 'ஆ'வில் முடிந்தால் ஈ சேரும்போது அந்த ஆ விழுந்துவிடும், ஆகவே திரும்பிப் போகும்போது அதை நாமே சேர்த்துப் பார்க்க வேண்டும்: பஸ்ரி, பஸ்ரா. கூஃபி, கூஃபா. மதீனாவுக்கு நடு ஈயும் சேர்ந்து விழுந்து மதனி.

'ஆவி' என்று முடிந்தால் எகிப்து, சிரியா, லெபனான் பக்கம் நெடிலில் முடியும் ஊர்களைத் தேடுங்கள். தன்தா, தன்தாவி. ஸைதா, ஸைதாவி. எகிப்தில் ஷர்கிய்யா மாகாணத்துக்காரர் ஷர்காவி, மின்யாக்காரர் மின்யாவி. சிரியாவின் ஹமாவிலிருந்து ஹமவி.

அப்புறம் இருக்கின்றன, எந்தக் கணக்குக்கும் அடங்காத பெயர்கள். இவற்றை மனப்பாடம் செய்வது ஒன்றே வழி. தெஹ்ரானை ஒட்டிய ரய் நகரத்துக்காரர் ராஸி, மருத்துவர் முகமது இப்னு ஸகரிய்யா அர்-ராஸியின் ஊர் அது. யெமன் தலைநகர் சன்ஆவுக்கு சன்ஆனி. அதே நாட்டின் ஹள்ரமவ்துக்கு ஹள்ரமி, பின்பாதியே காணாமல் போய்விடும். பைத்துல் மக்திஸ் என்கிற ஜெருசலேமுக்கு மக்திஸி, அதே ஊரின் இன்னொரு பெயரான குத்ஸிலிருந்து குத்ஸி. அலெக்சாண்ட்ரியாவுக்கு இஸ்கந்தரானி. பஹ்ரைனுக்குப் பழைய இலக்கணக்காரர்கள் பஹ்ரானி என்றார்கள், பஹ்ரி என்றால் கடலைச் சேர்ந்தது என்று ஆகிவிடுமே. இன்றைக்கு அந்தத் தீவில் பஹ்ரைனி என்றால் நாட்டின் குடிமகன், பஹ்ரானி என்றால் அங்கேயே பழங்காலத்திலிருந்து வாழும் ஷியா அரபுச் சமூகத்தவர். இரண்டையும் மாற்றிப் போட்டு எழுதிவிடாதீர்கள், சண்டை வரும். எனக்கு ரொம்பப் பிடித்தது மர்வ் நகரம், இப்போது துர்க்மெனிஸ்தானில் இருக்கிறது. அந்த ஊர் ஆள் என்றால் மர்வஸி, அந்த ஊர்த் துணி என்றால் மர்வி. ஆளுக்கு ஒரு ஈ, துணிக்கு ஒரு ஈ.

ஈயில் முடிவதெல்லாம் நிஸ்பா கிடையாது. காழி நீதிபதி, மஹ்தி நேர்வழி காட்டப்பட்டவர், அங்கே ஈ சொல்லுக்குள்ளேயே இருக்கிறது. கஹ்வஜி என்பதில் உள்ள 'ஜி' துருக்கியிலிருந்து வந்த தொழில் ஒட்டு, காப்பி போடுகிறவர். ராவி இரண்டுக்கும் நடுவில் மாட்டிக்கொண்டு நிற்கும். அகராதியில் பார்த்தால் கதை சொல்பவர், ஈராக்கில் பார்த்தால் யூப்ரடீஸ் கரையில் இருக்கும் ராவா என்ற ஊர்க்காரர். ஈராக்கியர் ஒருவரின் பெயரில் அல்-ராவி வந்தால் நான் கண்ணை மூடிக்கொண்டு ஊரைத்தான் எடுப்பேன். ஈயே இல்லாமல் ஹத்தாத், நஜ்ஜார், கய்யாத் என்று முடிந்தால் கொல்லர், தச்சர், தையல்காரர். அங்கே ஊர் வேட்டையை நிறுத்திவிடலாம்.

4. அது ஊரா, குலமா?

புதிதாக வந்தவர்கள் விழுகிற பள்ளம் இதுதான், நானே எத்தனை முறை விழுந்தேன் என்று கணக்கில்லை. குலத்தின் பெயரோடு சேர்ந்தாலும் அதே ஈதான். வளைகுடாவின் பூர்வகுடி அரபுக் குடும்பங்களில் பாதிக்குப் பாதி என்று சொல்லும் அளவுக்கு நம் கண்ணில் படுகிற கஹ்தானி, உதைபி, முதைரி, ஷம்மரி, தமீமி எல்லாம் குலப்பெயர்கள். வரைபடத்தில் எவ்வளவு பெரிதாக்கினாலும் கிடைக்காது. இதில் சில, ஊர் மாதிரியே வேஷம் போட்டு வரும்.

அஜ்மி என்ற குவைத்துக்காரர் அஜ்மான் எமிரேட்டைச் சேர்ந்தவர் இல்லை, பாரசீகரைச் சொல்லும் 'அஜமி'யும் இல்லை, அல்-உஜ்மான் என்ற அரபுக் குலத்தவர். கஅபி என்பது பனூ கஅப் குலம், கஃபாவோடு சம்பந்தமில்லை. அமீரகத்திலும் கத்தாரிலும் ஸுவைதிகள் ஏராளம், அரபியில் ஸ்வீடன்காரருக்கும் அதே சொல்தான், எழுத்து மாறாமல் அப்படியே. முதல் முறை ஒரு ஸுவைதியின் படிவத்தைப் பார்த்தபோது கூகுள் மொழிபெயர்ப்பு 'ஸ்வீடிஷ்' என்று காட்ட, பக்கத்து மேசை மலையாளி நண்பர் சிரித்துச் சிரித்து எழுந்தே போய்விட்டார். 2022ல் ஈராக்கின் பிரதமரான முகமது ஷியா அஸ்-சூதானி சூடான் நாட்டுக்காரர் இல்லை, தென் ஈராக்கின் அஸ்-சூதான் குலத்தவர். அவருக்கு முன்னால், 2006 முதல் 2014 வரை, அதே நாற்காலியில் இருந்த நூரி அல்-மாலிகி ஷியா, ஆகவே சுன்னிகளின் மாலிகி சட்டப்பள்ளியோடு அவர் பெயரை முடிச்சுப் போட முடியாது, பனூ மாலிக் குலம் அது.

மன்சூரி இருக்கிறதே, அது இடத்தைப் பொறுத்து மாறும். அபுதாபிக்காரர் என்றால் மனாஸீர் குலம். எகிப்தியர் என்றால் நைல் டெல்டாவில் இருக்கும் மன்சூரா நகரமாக இருக்க வாய்ப்பு அதிகம். எழுத்தை மட்டும் வைத்து யாராலும் சொல்ல முடியாது, ஆள் எந்த நாடு என்று தெரிந்தால்தான் முடியும்.

நேர்மாறாகவும் ஏமாறுவோம், ஊரை வேறொன்றாக நினைத்துவிடுவோம். எகிப்தின் கவிஞரும் 1882ல் பிரதமராக இருந்தவருமான மஹ்மூத் சாமி அல்-பாரூதியின் பெயரைப் பார்த்ததும் பாரூத், வெடிமருந்து, படைத்துறைக்காரர் வேறு, சரியாகத்தான் இருக்கிறது என்று தோன்றும். அது டெல்டாவில் உள்ள ஈதாய் அல்-பாரூத் என்ற ஊரிலிருந்து வந்தது, அவர் முன்னோருக்கு அங்கே வரி வசூலிக்கும் உரிமை இருந்தது. அந்த வருஷம் உராபி பாஷா என்ற ராணுவ அதிகாரி தலைமையில் நடந்த புரட்சி தோற்றபின் பிரிட்டிஷ்காரர்கள் அவரை உராபி பாஷாவோடு சேர்த்து இலங்கைக்கு நாடு கடத்தினார்கள், 17 வருஷம் அங்கேயே கிடந்தார்.

5. எந்த ஊர்?

ஒரே பெயரில் இரண்டு ஊர் இருந்தால் குடும்பம் எங்கே நிற்கிறது என்று பாருங்கள். தராபுல்ஸி என்றால் லெபனானின் திரிப்போலியாகவும் இருக்கலாம், லிபியாவின் திரிப்போலியாகவும் இருக்கலாம். துனிசியாவில் டிராபல்ஸி என்று கண்டால் பக்கத்து நாட்டு லிபியத் திரிப்போலி. அந்த நாட்டின் வீழ்ந்த ஜனாதிபதி பின் அலியின் மனைவி பிறந்த குடும்பத்தின் பெயர் இதுதான். பெய்ரூத்தில் கண்டால் வடக்கே இருக்கும் லெபனான் திரிப்போலி.

ஷாமி, மஸ்ரி போன்றவை ஊரா நாடா என்பதும் குழப்பம்தான். ஷாம் என்றால் டமாஸ்கஸும் உண்டு, சிரியா முதல் பாலஸ்தீனம் வரைக்குமான மொத்த நிலமும் உண்டு. எகிப்துக்காரர்கள் கெய்ரோவையே மஸ்ர் என்று சொல்வார்கள். ரூமி என்றால் ரோம் நகரம் என்று நினைக்க வேண்டாம், பைசாண்டியம், அதாவது இன்றைய துருக்கி நிலம். குக்கிராமத்துக்காரர்கள் பக்கத்துப் பெரிய ஊரின் பெயரையே எடுத்துக்கொள்வதும் வழக்கம். சிலுவைப் போர்க் காலத்தில் நாபுலுஸை ஒட்டிய ஜம்மாஈல் கிராமத்திலிருந்து டமாஸ்கஸுக்கு ஓடிவந்த இப்னு குதாமா குடும்பம் அங்கே மக்திஸி, ஜெருசலேம்காரர்கள், ஆகிவிட்டது. வெளியூரில் போய் 'நான் ஆலங்குளம்' என்று சொல்லிப் பார்த்துவிட்டு, கடைசியில் 'திருநெல்வேலி' என்று முடிக்கிறோமே, அதுதான்.

6. எப்போது, எங்கே வந்து சேர்ந்தார்கள்?

மேலே சொன்ன எல்லாம் இதற்குத்தான். பெயரில் இருக்கும் ஊரையும் குடும்பம் இப்போது இருக்கும் ஊரையும் ஒரு கோட்டால் இணைத்தால் ஒரு பயணம் கிடைக்கும். துபாய் பழைய நகரத்தில் காற்றுக்கோபுர வீடுகள் நிற்கிற பகுதியை இப்போது அதிகாரப்பூர்வமாக அல் ஃபஹீதி என்கிறார்கள், பழைய ஆட்களுக்கு அது இன்னும் பஸ்தகிய்யாதான். தென் ஈரானில் பஸ்தக் என்ற ஊரிலிருந்து வந்த வியாபாரிகள் கட்டிய தெரு. அமீரகத்தில் பஸ்தகி என்ற குடும்பப் பெயர் கண்ணில் பட்டால் வளைகுடாவைக் கடந்து வந்த அந்தக் கப்பல் பயணத்தை நினைத்துக்கொள்ளுங்கள். லாரி, கூன்ஜி போன்ற பெயர்களும் அதே தென் ஈரான் ஊர்களான லார், கூன்ஜ் ஆகியவற்றிலிருந்து வந்தவை.

மொராக்கோவின் ஃபெஸ் நகரத்தில் ஊரே இப்படிப் பிரிந்திருந்தது. 9ஆம் நூற்றாண்டில் ஆற்றின் ஒரு கரையில் துனிசியாவின் கைரவான் நகரத்திலிருந்து வந்தவர்கள், மறுகரையில் ஸ்பெயினின் கொர்தோபாவிலிருந்து விரட்டப்பட்டவர்கள். கைரவான்காரர் என்பதன் சுருக்க நிஸ்பா கரவி, அதன் பன்மை கரவிய்யீன். 859ல் அங்கே எழுந்ததாகச் சொல்லப்படும் புகழ்பெற்ற பள்ளிவாசலும் கல்விக்கூடமும் இந்த வந்தேறிகளின் பெயரைத்தான் இன்றும் சுமக்கின்றன. எதிர்க்கரைப் பள்ளிவாசல் அந்தலூஸிய்யீன். அதே ஃபெஸ்ஸிலிருந்து கிளம்பியவர்கள் ஃபாஸி ஆனார்கள். யூத அறிஞர் ஐசக் அல்ஃபாஸி பிறந்தது இன்றைய அல்ஜீரியாவில், நெடுங்காலம் பாடம் நடத்தியது ஃபெஸ்ஸில், வயதான காலத்தில் ஸ்பெயினுக்குத் தப்பிப் போய் 1103ல் லூசெனாவில் இறந்தார். ஸ்பெயின்காரர்களுக்கு அவர் ஃபெஸ்காரர். இந்த உதாரணத்தில் இன்னொன்றும் கவனிக்க வேண்டியது, ஊர்ப்பெயருக்கு மதம் கிடையாது. ஹலபி முஸ்லிமாக இருக்கலாம், கிறித்தவராக இருக்கலாம், துரூஸாகவோ யூதராகவோ இருக்கலாம்.

எத்தனை வருஷம் இருந்தால் ஓர் ஊரின் பெயரைப் போட்டுக்கொள்ளலாம் என்று கேட்டால் அதற்கும் பதில் வைத்திருந்தார்கள். நாலு வருஷம் என்று பழைய ஹதீஸ் அறிஞர் அப்துல்லாஹ் இப்னுல் முபாரக் சொன்னதாக இமாம் நவவி எடுத்துக் காட்டுகிறார். நவவியே தென் சிரியாவின் நவா என்ற சின்ன ஊர்க்காரர். ஊர் மாறியவர்களுக்கு வரலாற்று நூல்களில் இரண்டு நிஸ்பாவையும் வரிசையாகப் போட்டு நடுவில் 'ஸும்ம' என்று ஒரு சொல் வைப்பார்கள், 'அப்புறம்' என்று பொருள். 'அல்-மிஸ்ரி ஸும்ம அத்-திமிஷ்கி' என்றால் முதலில் எகிப்து, அப்புறம் டமாஸ்கஸ். பழைய பெயர் நீளமாக இருக்கிறதே என்று பயப்படாமல் 'ஸும்ம' எங்கே என்று தேடுங்கள், வாழ்க்கைக் குறிப்பே அதில் இருக்கும்.

பெயர் ஒரு முறை உறைந்துவிட்டால் தலைமுறைகள் கடந்தும் மாறாது. எழுத்தாளர் அலீ அத்-தன்தாவி 1909ல் டமாஸ்கஸில் பிறந்தவர், எகிப்தின் தன்தாவிலிருந்து வந்தது அவர் தாத்தா. ஈராக்கின் நஜஃபில் இருக்கும் ஆயத்துல்லா சிஸ்தானி பிறந்தது ஈரானின் மஷ்ஹதில், பெயரில் இருப்பதோ அதற்கும் தெற்கே வெகு தூரத்தில் உள்ள சிஸ்தான். கவிஞர் ரூமி பல்க் பிரதேசத்தில் 1207ல் பிறந்து துருக்கியின் கொன்யாவில் முடிந்தவர். போய்ச் சேர்ந்த நிலத்தை வைத்து உலகம் அவரை ரூமி என்கிறது, ஆஃப்கானியர்கள் விடாப்பிடியாக பல்கி என்கிறார்கள். ஊர் பெயரிலிருந்தே கழன்று ஓடிய கதையும் உண்டு. ஆரல் கடலுக்குத் தெற்கே குவாரிஸ்ம் என்ற நிலப்பகுதி, அந்த ஊர்க் கணித அறிஞர் அல்-குவாரிஸ்மி, அவர் பெயர் லத்தீனுக்குப் போய்த் தேய்ந்ததுதான் நம் போனில் ரீல்ஸைத் தள்ளிக்கொண்டே இருக்கும் அல்காரிதம்.

கையோடு வைத்துக்கொள்ள இரண்டு பழைய நூல்கள். மர்வில் பிறந்த சம்ஆனி (1113 முதல் 1166) நிஸ்பாக்களை மட்டுமே அகரவரிசையில் அடுக்கி எழுதிய கிதாபுல் அன்ஸாப். ஊர்களுக்கு யாகூத்தின் முஅஜமுல் புல்தான். இரண்டும் அரபியில் இணையத்தில் கிடைக்கின்றன. சந்தேகப் பெயரை அரபி எழுத்தில் அடித்து இவற்றோடு சேர்த்துத் தேடினால் பழைய பெயர்களுக்கு அநேகமாக விடை வந்துவிடும். யாகூத்தின் சொந்தப் பெயரே ஒரு பாடம்: யாகூத் அர்-ரூமி அல்-ஹமவி. பைசாண்டிய நிலத்தில் சிறுவனாகப் பிடிபட்டு பக்தாதில் அடிமையாக விற்கப்பட்டவர், அதனால் ரூமி. வாங்கிய வியாபாரி ஹமா ஊர்க்காரர், அதனால் ஹமவி. உலகத்து ஊர்களுக்கெல்லாம் அகராதி போட்டவரின் பெயரில் ஒட்டியிருக்கும் ஊர் அவருடைய எஜமானரின் ஊர்.

7. வந்ததா, வைத்துக்கொண்டதா?

சிலர் ஊரைத் தாங்களே தேர்ந்தெடுத்துக்கொள்வார்கள். 19ஆம் நூற்றாண்டின் பெரிய அரசியல் பேச்சாளர் ஜமாலுத்தீன் அல்-ஆஃப்கானி பிறந்தது ஈரானில் ஹமதானுக்குப் பக்கத்தில் அசதாபாத். சுன்னி உலகத்தில் காலூன்ற ஆஃப்கானி என்ற பெயர் வசதியாக இருந்தது. ஈரானியர்களுக்கு அவர் இன்றும் அசதாபாதிதான். நம் காலத்தில் சிரியாவின் அஹ்மத் அஷ்-ஷரா போர்க்களத்தில் இருந்தவரை அல்-ஜவ்லானி. ஜவ்லான் என்றால் கோலான் குன்றுகள், 1967ல் அவர் குடும்பம் வெளியேற வேண்டிவந்த நிலம். அவர் பிறந்தது ரியாத்தில். 2024 டிசம்பரில் டமாஸ்கஸைப் பிடித்ததும் அந்தப் பெயரைக் கழற்றி வைத்துவிட்டுச் சொந்தப் பெயருக்குத் திரும்பினார்.

கழற்றச் சொல்லி அரசே உத்தரவு போட்டதும் நடந்திருக்கிறது. 1970களின் நடுவில் ஈராக்கில் பாத் கட்சி அரசு ஊர்ப்பெயர், குலப்பெயர்களைப் பயன்படுத்தத் தடை போட்டது. மேல்தட்டில் திக்ரீதிகள் நிரம்பி வழிவது பெயர்ப் பட்டியலைப் படித்தாலே தெரிந்தது என்பதுதான் பரவலாகச் சொல்லப்படும் காரணம். சதாம் ஹுசைன் அத்-திக்ரீதி வெறும் சதாம் ஹுசைன் ஆனது அப்படித்தான்.

நம்ம பக்கம்

தமிழ்க் கரைக்கே அரபியில் ஒரு நிஸ்பா உண்டு. சோழமண்டலக் கரையை அரபு வியாபாரிகள் மஅபர் என்றார்கள், கடந்து போகும் துறை என்று பொருள். இங்கிருந்து கேரளத்துக்குப் போய் பொன்னானியில் தங்கிய மக்தூம் குடும்பத்து அறிஞர்களின் பெயரில் அல்-மஅபரி இருக்கும். அதே குடும்பத்தின் பின்னவர்களுக்கு அல்-மலீபாரி வந்துவிட்டது. காயல்பட்டினத்தவர்கள் காஹிரி என்று எழுதிக்கொண்டார்கள். கெய்ரோவிலிருந்து வந்தவர்கள் குடியேறியதால் அந்தப் பெயர் என்பது ஊர் மரபு. சதக்கத்துல்லாஹ் அப்பா என்ற அறிஞரின் பெயரோடு அல்-காஹிரி என்று பார்த்திருப்பீர்கள்.

ஆனால் ஜும்ஆ நோட்டீஸில் ஆலிம்களின் பெயருக்குப் பின்னால் வருகிற ஈ வேறு வகை, அங்கே ஊரைத் தேடக் கூடாது, மதரஸாவைத் தேட வேண்டும். பாகவி என்றால் வேலூர் பாக்கியாத், மன்பயீ என்றால் லால்பேட்டை மன்பவுல் அன்வார், நளீமி என்றால் இலங்கையில் பேருவளை நளீமிய்யா. மதனி என்று பார்த்தால் பெரும்பாலும் மதீனா பல்கலைக்கழகத்தில் படித்தவர். சவூதிக்காரரின் அட்டையில் அதே மதனி இருந்தால் அது மதீனா ஊர்.

கடைசியாக, கேட்கும் முறை

இவ்வளவுக்கும் பிறகு நிச்சயமில்லை என்றால் ஆளையே கேட்கலாம், ஆனால் 'நீங்கள் எந்த நாடு?' என்று தொடங்க வேண்டாம். குடும்பத்தின் 'அஸ்ல்' எங்கே என்று கேளுங்கள், பூர்வீகம் என்று பொருள், கவுரவமான சொல். சிரியா, பாலஸ்தீனக்காரர்கள் அரை மணி நேரம் கதை சொல்வார்கள், டீயும் வாங்கித் தருவார்கள். ஈராக், பஹ்ரைன்காரர்களிடம் நன்றாகப் பழகிய பிறகு கேட்பது நல்லது. அங்கே ஊரைக் கேட்பது சுற்றி வளைத்து மதப்பிரிவைக் கேட்பதாகப் படலாம். வளைகுடாக் குடும்பங்களில் சிலருக்கு 'வெளியிலிருந்து வந்தவர்தானே நீ' என்று குத்துவதாகவும் படலாம்.

என்னுடைய முதல் மஸ்ரி அப்புறமும் விசா வேலைக்கு எங்களிடமே வருவார். முப்பாட்டனாரோ அவருக்கும் முந்தியவரோ எகிப்திலிருந்து நாபுலுஸுக்கு வந்ததாக வீட்டில் பேச்சு என்று ஒரு நாள் சொன்னார். இப்ராஹிம் பாஷாவின் எகிப்தியப் படை 1831 முதல் 1840 வரை அந்தப் பக்கத்தை வைத்திருந்தபோது வந்து தங்கியவர்கள் நிறைய, அவர் முன்னோரும் அப்படி வந்தவராக இருக்கலாம். போன வருஷம் மகனைக் கல்லூரியில் சேர்க்க முதல் முறையாகக் கெய்ரோ போயிருக்கிறார். வாடகை வீட்டின் பவ்வாப், அதாவது கட்டடக் காவலாளி, பெயரைக் கேட்டு, மஸ்ரி என்றதும் சத்தம் போட்டுச் சிரித்துவிட்டு, 'இங்கே எல்லோரும் மஸ்ரிதான், உன் ஊரைச் சொல்லு' என்றானாம். நாபுலுஸ் என்று சொல்லியிருக்கிறார். அந்தக் கட்டடத்தில் மகனை இப்போது எல்லோரும் நாபுல்ஸி என்றுதான் கூப்பிடுகிறார்கள்.